பத்தடிக்கு எட்டரை

ஜனவரி 9

அன்புள்ள அத்தைக்கு,

உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருப்பீர்கள் என்று நம்புகிறேன். பத்திரிகைப் படத்தில் நன்றாகத்தான் தெரிகிறீர்கள். நான் யாரென்று முதலில் சொல்லிவிடுகிறேன். உங்கள் அண்ணனின் மகள், பதினோராம் வகுப்பு. நீங்கள் வீட்டைவிட்டுப் போய் நாலு வருஷம் கழித்துப் பிறந்தவள். அதனால் நாம் பார்த்துக்கொண்டதில்லை.

பள்ளி நூலகத்தில் பழைய ஞாயிறு இணைப்பைப் புரட்டும்போது உங்கள் படம் வந்தது. நடிப்பு, ஓவியம், ஒலி, தையல் எல்லாவற்றையும் கலந்து நிகழ்த்தும் குயர் கலைஞர், நினைவுதான் அவருடைய கச்சாப் பொருள் என்று போட்டிருந்தார்கள். கீழே கடிதம் எழுத முகவரியும் இருந்தது. பெயரைப் படிக்கும் முன்பே மூக்கைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன். அதே மூக்கு எனக்கும் இருக்கிறது. வகுப்பில் கிண்டல் செய்வார்கள்.

வீட்டில் கேட்டால் "வெளிநாட்டுல வேலையா இருக்கா" என்பார்கள். மேற்கொண்டு கேட்டால் அப்பா எழுந்து பின்னாலிருக்கும் மரப் பட்டறைக்குப் போய்விடுவார். பத்திரிகையில் நீங்கள் ஒரு பெண்ணை நேசித்ததாகவும், அதற்கு வீட்டில் நடந்ததை ஆட்டமாகச் செய்யப்போவதாகவும் இருந்தது. என்ன நடந்தது என்று இல்லை.

நீங்கள் இருந்த அறையில்தான் நான் இருக்கிறேன். எல்லாரும் தூங்கிய பிறகு போர்வைக்குள் டார்ச் வைத்து இதை எழுதுகிறேன். எனக்கு ஒரு தோழி இருக்கிறாள். அவளுக்கும் அப்படித்தான், உங்களைப் போல. அவளுக்காகத்தான் கேட்கிறேன். இந்த மாதிரி வீட்டில் அப்படி ஒருத்திக்கு என்ன செய்வார்கள்? அது தெரிந்தால் போதும்.

என் போனை அம்மா பார்ப்பார். பள்ளி நூலகத்துக்கு எழுதுங்கள். நூலக மிஸ்ஸிடம் சொல்லிவிட்டேன். "அத்தைக்குத்தானே, எழுதிக்கோ. ஏதாவது பிரச்சினைன்னா முதல்ல எங்கிட்ட வரணும்" என்றார்.

உங்கள் அண்ணன் மகள்


ஜனவரி 24

என் மருமகளுக்கு,

நான் சௌக்கியம். உன் கடிதத்தைப் படித்தபின் இரட்டைச் சௌக்கியம். மருமகள் என்று எழுதிவிட்டு நானே சிரித்துக்கொண்டேன், எனக்கு மாமியார் களை துளியும் இல்லை. "உனக்கு அந்த வீட்ல ஒரு மூக்கு மிச்சம் இருக்குது" என்றாள் மின்னல். மின்னல் என்னோடு பதினாலு வருஷமாக வாழ்பவள். மேடைக்கு ஒளியமைப்பது அவள் தொழில். நாற்பது விளக்கை ஒரே கையால் ஆள்வாள், வீட்டில் ஒரு பல்பு மாற்றச் சொன்னால் மூன்று மாதம் ஆகும்.

கேட்டதற்கு நேராகவே பதில் சொல்கிறேன். என்னைப் பதினோரு நாள் அந்த அறையில் அடைத்து வைத்தார்கள். எனக்குப் பத்தொன்பது வயது. என் பையில் ஒரு கடிதம் கிடைத்தது, அதுதான் குற்றம். கதவுக்கு வெளியே தாழ்ப்பாள் போட்டார்கள். பன்னிரண்டாம் நாள் சாப்பாடு வைக்கக் கதவைத் திறந்தபோது வெளியே நடந்தேன், இன்னும் நடந்துகொண்டிருக்கிறேன்.

பிறகு போனில் கேட்டபோதெல்லாம் வீட்டில் ஒரே பாட்டு. "யாரு உன்னை அடைச்சா? காய்ச்சல்ல படுத்திருந்தே. நீயா ஏதோ கற்பனை பண்ணிக்கிட்டே." இருபது வருஷம் இதையே கேட்டால் என்ன ஆகும் தெரியுமா? ஒருவேளை காய்ச்சல்தானோ என்று எனக்கே தோன்ற ஆரம்பித்துவிட்டது. அதனால்தான் இந்த ஆட்டம். பழைய அச்சுக்கூடம் ஒன்றை வாடகைக்கு எடுத்து, தரையில் வெள்ளை ஒட்டுநாடாவால் அந்த அறையை முழு அளவில் போட்டிருக்கிறேன். கண்ணை மூடிக்கொண்டு அதற்குள் நடக்கிறேன். ஒவ்வொரு நாளும் ஜன்னல் ஒவ்வொரு இடத்தில் இருக்கிறது.

ஜன்னலுக்கு எத்தனை கம்பி? அது மட்டும் சொல்லேன். உனக்கு ஆபத்து வருமென்றால் வேண்டாம். உன் தோழியிடம் சொல், அது அப்போது, இப்போதும் அப்படியே இருக்கவேண்டும் என்றில்லை. பத்திரமாக இருக்கச் சொல்.

அத்தை


பிப்ரவரி 3

அன்புள்ள அத்தைக்கு,

நானும் நலம், மின்னல் அத்தையையும் விசாரித்ததாகச் சொல்லுங்கள். அப்படிக் கூப்பிடலாம்தானே?

ஏழு கம்பி. ஆனால் கம்பியோடு நிறுத்த முடியவில்லை. ஞாயிற்றுக்கிழமை அப்பா வெளியே போனதும் பட்டறைப் பெட்டியிலிருந்து டேப்பை எடுத்து அறை முழுவதையும் அளந்துவிட்டேன். அம்மா எட்டிப் பார்த்து, "என்னடி, சுவரைக் கட்டிப்பிடிச்சுக்கிட்டு நிக்கறே?" என்றார். ஒட்டடை அடிக்கிறேன் என்றேன். "நீயா?" என்று சந்தேகமாகப் பார்த்தார். அப்புறம் நிஜமாகவே ஒட்டடை அடிக்க வேண்டியதாயிற்று.

நீளம் பத்தடி ஒரு அங்குலம். அகலம் எட்டடி ஏழு அங்குலம். ஜன்னல் இடது மூலையிலிருந்து மூன்றடி இரண்டு அங்குலம். படம் போட்டு இத்துடன் வைத்திருக்கிறேன்.

கடைசியில் கதவுக்கு வந்தேன். உள்பக்கம் எல்லாம் அளந்தாயிற்று. வெளிப்பக்கம் பெயின்ட் வழவழவென்று இருந்தது. கண்ணுக்கு ஒன்றும் தெரியவில்லை. கண்ணை மூடிக்கொண்டு விரலால் தடவினேன், நீங்கள் கண்ணை மூடி நடப்பதாக எழுதியிருந்தீர்களே, அதனால். தரையிலிருந்து நாலடி ஏழு அங்குலத்தில் விரல் இறங்கியது. நான்கு திருகாணி ஓட்டைகள் அத்தை. மரத்தூளையும் பசையையும் குழைத்து அடைத்து, தேய்த்து, மேலே பெயின்ட் அடித்திருக்கிறது. மிக நன்றாகச் செய்த வேலை.

உங்களுக்குக் காய்ச்சல் இல்லை.

மேலே உள்ள வரியை எழுதிவிட்டுத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். பயத்திலா சந்தோஷத்திலா என்று தெரியவில்லை. இரண்டும் ஒரே மாதிரிதான் இருக்கின்றன. யாரோ கூடத்தில் நடக்கிற சத்தம். நிறுத்துகிறேன்.

மறுபடி. யாருமில்லை, பூனை. அப்பா நல்லவர் அத்தை. என்னை ஒரு நாள்கூட அடித்ததில்லை.

உங்கள் அண்ணன் மகள்


பிப்ரவரி 19

என் மருமகளுக்கு,

நலம் விசாரிப்பதெல்லாம் கடைசியில். முதலில் இது. உன் கடிதத்தை ஒத்திகையின் நடுவே படித்தேன். படித்துவிட்டு ஒட்டுநாடாக் கதவுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துவிட்டேன். மின்னல் மேலே ஏணியில் இருந்தாள். "என்ன ஆச்சு?" என்றாள். "நாலு ஓட்டை" என்றேன். "எங்கே, கூரையிலயா?" என்று பதறினாள். அச்சுக்கூடம் ஒழுகும் கூரை, அவள் கவலை அவளுக்கு. விளக்கிச் சொன்னதும் ஏணியில் நின்றபடியே அழுதாள். நான் அழவில்லை. எழுந்து எல்லாவற்றையும் பிய்த்துவிட்டு உன் அளவுப்படி புதிதாக ஒட்டினேன். கண்ணை மூடி நடந்தேன். ஜன்னல் அங்கேயே இருந்தது. அன்று ஆறு தடவை நடந்தேன், ஆறு தடவையும் அங்கேயே இருந்தது.

இப்போது ஆட்டம் ஆட்டமாகிவிட்டது. கையில் துணிக்கட்டோடு உள்ளே வருவேன். பதினோரு துணித் துண்டுகள், நாளுக்கு ஒன்று, ஒவ்வொன்றிலும் அன்று நினைத்ததைத் தைத்திருக்கிறேன். பார்க்கிறவர்கள் நாற்பது பேர், நாடாவைச் சுற்றி நின்றுதான் பார்க்க வேண்டும். ஒரே விதி, நாடாவை யாரும் தாண்டக்கூடாது. வர வேண்டுமானால் கதவு வழியாக வரட்டும்.

நாங்கள் இருவரும் நன்றாக இருக்கிறோம், எனக்கு முழங்கால் மட்டும் கொஞ்சம் வலி. உன் தோழி எப்படி இருக்கிறாள்? அவளைப் பற்றி ஒன்றுமே எழுதவில்லையே.

அத்தை


மார்ச் 6

அன்புள்ள அத்தைக்கு,

முழங்காலுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுங்கள். நான் நலம், கணக்கில் மட்டும் நலமில்லை. கணக்கு வகுப்பு முழுவதும் உங்கள் ஆட்டமே மண்டைக்குள் ஓடினால் வேறென்ன ஆகும்.

எனக்கு ஒரு யோசனை. திட்டாதீர்கள். உங்கள் அறையில் சுவர் இருக்கிறது, ஜன்னல் இருக்கிறது, சத்தம் இல்லையே. இந்த அறைக்குப் பின்சுவர் பட்டறைச் சுவர்தான். அறுவை மிஷின் ஓடினால் என் பென்சில் மேஜையில் தானாக உருளும். பகலெல்லாம் இந்த அறை மிஷினுக்குள் இருப்பதுபோலத்தான் இருக்கும். அதை ஓட விடுங்கள். சட்டென்று நிறுத்துங்கள். மிஷின் நின்றால்தான் எனக்கு நெஞ்சு அடித்துக்கொள்ளும். நின்றால் அப்பா வருகிறார் என்று அர்த்தம், கையில் இருப்பதை ஒளிக்க வேண்டும்.

தோழியைக் கேட்டிருந்தீர்கள். அவளுக்கு வகுப்பில் ஒருத்தியைப் பிடித்திருக்கிறது. உயரம் தாண்டுகிறவள், எல்லாரும் கொக்கு என்று கூப்பிடுவோம். அவள் தாண்டுவதற்கு முன் ஒரு நொடி நின்று, தனக்குள் ஏதோ சொல்லிக்கொள்வாள். அந்த ஒரு நொடியைப் பார்க்க மைதானத்துக்குத் தினமும் போகிறேன். அதாவது, தோழிக்குத் துணையாக.

ஒன்று கேட்க நினைத்தேன். தாழ்ப்பாள் போட்டது யார் என்று நீங்கள் இரண்டு கடிதத்திலும் எழுதவில்லை. நானும் கேட்கவில்லை. அப்படியே இருக்கட்டும்.

உங்கள் அண்ணன் மகள்


மார்ச் 17

என் மருமகளுக்கு,

நலம், நலம், எல்லாரும் நலம். மின்னல் ஒரு மரக்கடைக்குப் போய் மிஷின் சத்தத்தைப் பதிவு செய்துகொண்டு வந்தாள், தலையெல்லாம் மரத்தூள். போட்டுப் பார்த்தோம். நின்றபோது ஒத்திகை பார்க்க வந்திருந்த இரண்டு பேரும் மூச்சை நிறுத்திவிட்டார்கள். யோசனைக்குச் சொந்தக்காரி யார் என்று கேட்டார்கள். என் உதவி இயக்குநர், பள்ளி போய்விட்டாள், வந்ததும் சொல்கிறேன் என்றேன்.

இப்போது உட்கார்ந்துகொள். ஏப்ரல் இருபத்தேழு, ஞாயிறு மாலை, உங்கள் ஊர் நகர மண்டபத்தில் முதல் காட்சி. நேற்றுத்தான் உறுதியாயிற்று. இருபது வருஷம் கழித்து அந்த ஊருக்கு வருகிறேன், அறையைச் சுருட்டிக் கையில் எடுத்துக்கொண்டு.

நீ வர வேண்டும் என்று எழுத மாட்டேன். வர முடியாவிட்டாலும் அந்த ஆட்டத்தில் நீ இருக்கிறாய்.

கொக்கு தாண்டட்டும். பார்க்கிறவர்கள் பார்க்கட்டும்.

அத்தை


மார்ச் 28

அத்தை,

நலமா என்று எழுதக்கூடத் தோன்றவில்லை. அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது.

தப்பு என்னுடையதுதான். அன்று அளந்து முடித்து டேப்பை அவசரமாகப் பெட்டியில் போட்டேன். முதலில் போட்ட படமும் அதோடு சுருண்டு போய்விட்டது. உங்களுக்கு அனுப்பியது நல்ல பிரதி. பட்டறையில் யாரும் தொடாத பழைய டேப்பு அது, ஏன் தொடுவதில்லை என்று இப்போதுதான் தெரிகிறது. முதல் அங்குலம் உடைந்து போயிருக்கிறது. பட்டறைக்காரர்கள் எல்லாரும் ஒன்றைக் கழித்துத்தான் படிப்பார்களாம். எனக்குத் தெரியவில்லை. நான் உங்களுக்கு எழுதிய அளவு எல்லாமே ஒரு அங்குலம் கூடுதல்.

இன்று பள்ளியிலிருந்து வந்தால் அந்தப் படம் என் மேஜையில் விரித்து வைத்திருக்கிறது. அப்பாவின் தட்டைப் பென்சிலால் ஒவ்வோர் எண்ணையும் அடித்துத் திருத்தியிருக்கிறார். பத்தடி. எட்டரை. கதவில் நான் போட்ட நான்கு புள்ளிக்கு நாலடி ஆறு. வேறு எதுவும் எழுதவில்லை. ஆனால் நான் வரையாத ஒன்றை அவர் வரைந்திருக்கிறார். கதவின் அடியில், தரையிலிருந்து ஐந்து அங்குலத்தில், இன்னும் நான்கு புள்ளி.

ஓடிப்போய்ப் பார்த்தேன். அந்த இடத்தில் குறுக்கே ஒரு பலகைப் பட்டை அடித்திருக்கிறது. தண்ணீர் படாமலிருக்க என்று இத்தனை நாள் நினைத்திருந்தேன்.

இரண்டு தாழ்ப்பாள் அத்தை.

சாப்பிடும்போது அப்பா ஒன்றும் கேட்கவில்லை. "இன்னும் கொஞ்சம் போடு" என்று அம்மாவிடம் மட்டும் சொன்னார். என் கதவுக்கு இன்று வெளியே ஏதாவது இருக்கிறதா என்று மூன்று தடவை தடவிப் பார்த்துவிட்டேன். படத்தை இதோடு வைத்திருக்கிறேன், இங்கே இருந்தால் எனக்குத் தூக்கம் வராது.

தோழி என்று எழுதியதெல்லாம் நான்தான். உங்களுக்குத் தெரிந்திருக்கும்.


ஏப்ரல் 12

அன்புள்ள அத்தைக்கு,

இரண்டு வாரமாகப் பதில் இல்லை. உடம்பு சரியில்லையா? நூலக மிஸ் என்னைப் பார்த்ததும் தூரத்திலிருந்தே தலையை ஆட்டிவிடுகிறார், பாவம்.

நான் எழுதியதில் ஏதாவது தப்பா? கடைசி வரி உங்களுக்குச் சங்கடமாக இருந்தால் படிக்காததாக வைத்துக்கொள்ளுங்கள். இங்கே ஒன்றும் நடக்கவில்லை. அப்பா எனக்குப் புது டேப்பு ஒன்று வாங்கிக் கொடுத்தார். "அளக்கறதுன்னா ஒழுங்கா அளக்கணும்" என்றார். அவ்வளவுதான். அதற்கு என்ன அர்த்தம் என்று நாலு நாளாக யோசிக்கிறேன்.

உங்கள் அண்ணன் மகள்


ஏப்ரல் 15

என் கண்ணே,

உன் கடைசி வரியை மேஜைக்கு மேலே ஒட்டி வைத்திருக்கிறேன். முதல் கடிதத்திலேயே தெரியும். நீயாகச் சொல்வதற்கு இடம் விட்டேன், அவ்வளவுதான். உன்னைக் காக்க வைத்ததற்கு மன்னித்துக்கொள். சங்கடம் உன்னால் இல்லை, அந்தத் திருத்தத்தால்.

கதவை நான் காலால் உதைத்தது ஞாபகம் இருக்கிறது. கீழ்ப்பக்கம் அசையவே அசையாது. ஒரே தாழ்ப்பாள் மேலே இருந்தால் கீழே கொஞ்சமாவது ஆட வேண்டுமே, ஆடவில்லையே, அப்படியென்றால் நான் உதைத்ததே பொய்யோ என்று இருபது வருஷம் என்னையே சந்தேகப்பட்டேன். உன் அப்பா நான்கு புள்ளி வைத்து அதைத் தீர்த்துவிட்டார். அவர் எண் எழுதும் விதம் மாறவே இல்லை, எட்டுக்கு இடுப்பே கிடையாது. பத்து நாள் என்னால் பேனாவைத் தொட முடியவில்லை. ஒட்டுநாடாவை மட்டும் தொட்டேன். ஒரு அங்குலம் உள்ளே தள்ளி எல்லாவற்றையும் மறுபடி ஒட்டினேன்.

இத்துடன் ஓர் அழைப்பிதழ். உறை மேல் "அண்ணனுக்கு" என்று எழுதியிருக்கிறேன். தபாலில் நேராக அனுப்பலாம், ஆனால் அந்த வீட்டில் இருப்பது நீ. கொடுக்கத் தோன்றினால் கொடு, இல்லையென்றால் கிழித்துப் போடு. இரண்டுக்கும் நான் உன் அத்தைதான். அச்சமாக இருந்தால் நூலக மிஸ்ஸிடம் சொல், என் எண்ணும் அவரிடம் இருக்கிறது. உனக்காக எந்த நேரமும் வருவோம், மின்னல் வண்டி ஓட்டுவாள், அதுதான் கொஞ்சம் பயம்.

அத்தை


ஏப்ரல் 28

அன்புள்ள அத்தைக்கு,

நேற்று அவ்வளவு கூட்டத்தில் உங்களைச் சரியாக நலம் விசாரிக்கக்கூட முடியவில்லை. முழங்கால் எப்படி இருக்கிறது? மேடையில் வலித்த மாதிரியே தெரியவில்லை.

மண்டபத்தில் நடந்தது உங்களுக்கே தெரியும். நீங்கள் பார்க்காததை எழுதுகிறேன்.

உறையை ஐந்து நாள் புத்தகத்துக்குள் வைத்திருந்தேன். ஆறாம் நாள் பட்டறைக்குப் போய் மிஷின் மேல் வைத்துவிட்டு ஓடிவந்தேன்.  நேற்று மாலை அப்பா இஸ்திரி போட்ட சட்டையில் வண்டிச் சாவியோடு என் வாசலில் நின்றார். "வர்றியா?" என்றார். அம்மா, "எங்கே ரெண்டு பேரும்?" என்று கேட்டதற்கு "மரம் பார்க்க" என்றார். "ஞாயித்துக்கிழமை சாயங்காலமா, இந்தச் சட்டையிலயா?" என்றார் அம்மா. நாங்கள் வண்டியில் ஏறிவிட்டோம்.

மிஷின் சத்தம் ஆரம்பித்தபோது அப்பா என் தோளைப் பிடித்துக்கொண்டார். நின்றபோது விட்டுவிட்டார். நீங்கள் கதவின் அடியை உதைத்தபோது நான் அவர் முகத்தைப் பார்க்கவில்லை, பார்க்கக் கூடாது என்று தோன்றியது. முடிந்ததும் கதவு வழியாக உங்களிடம் வந்து "அளவு சரியா இருக்கு" என்றாரே, அதற்கு நீங்கள் "நீ போட்டா சரியாத்தானே இருக்கும்" என்றீர்களே, அதை நான் நாடாவுக்கு வெளியே நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். பிறகு அவர் குனிந்து, உரிந்திருந்த நாடாவின் ஒரு முனையைக் கட்டைவிரலால் அழுத்தி ஒட்டிவிட்டு வந்தார்.

வண்டியில் பாதி தூரம் வந்துவிட்டோம். அப்புறம், "பதினோரு நாள்னு சொன்னா" என்றார்.

"ஆமா."

"ஒம்பது." சிக்னலில் நின்றோம். பச்சை விழுந்தது. "இல்ல. பதினொண்ணுதான். அவ தட்டிக்கிட்டே இருந்தா. காதுல விழக்கூடாதுன்னு மிஷினைப் போட்டுக்கிட்டேன். அறுக்க ஒண்ணுமில்லாத நாள்லகூட."

இதற்கு மேல் தாமதித்தால் கேட்கவே மாட்டேன் என்று தெரிந்தது. "எனக்கும் போடுவீங்களா அப்பா?"

"என்னது?"

"தாழ்ப்பாள். நானும் அத்தை மாதிரிதான்."

வண்டியை ஓரமாக நிறுத்தினார். பின்னாலிருந்து ஒருவர் ஹாரன் அடித்துத் திட்டிவிட்டுப் போனார். அப்பா ஸ்டீயரிங்கையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் கதவுக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

"போட மாட்டேன்" என்றார். கொஞ்சம் கழித்து, "எனக்கு இதெல்லாம் புரியாதும்மா. புரியலன்னு வெச்சுக்கோ. ஆனா போட மாட்டேன். அம்மாகிட்ட நான் சொல்லணுமா, நீ சொல்றியா?"

"இப்ப வேண்டாம்."

"சரி." வண்டியை எடுத்தார், மூன்றாவது கியரில். அது குதித்து அணைந்துவிட்டது. இருபத்தைந்து வருஷமாக ஓட்டுகிறவர். இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

வீட்டு வாசலில் அம்மா நின்றிருந்தார். "மரம் கிடைச்சுதா?"

அப்பா செருப்பைக் கழற்றிவிட்டு நிமிர்ந்தார். "மரம் பார்க்கப் போகல. என் தங்கச்சியைப் பார்த்துட்டு வர்றோம்."

நான் பிறந்ததிலிருந்து அந்த வார்த்தையை அவர் வாயில் கேட்டதில்லை. அம்மா எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். "எப்படி இருக்கா?" என்றார்.

"நல்லா இருக்கா. கொஞ்சம் குண்டாயிட்டா."

"அதை அவகிட்டயும் சொல்லிட்டு வந்தீங்களா?"

"சொல்லல."

"அதுவரைக்கும் புத்தி இருக்கே" என்று அம்மா உள்ளே போனார். பிறகு திரும்பி வந்து, இன்னொரு காட்சி உண்டா என்று என்னிடம் ரகசியமாகக் கேட்டார். அடுத்த மாதம் பத்தாம் தேதி என்று உங்கள் தாளில் போட்டிருக்கிறதே. இன்று காலை அப்பாவிடம் நாலு இடம் சொல்லி வைக்கட்டுமா என்று கேட்டேன். சரி என்றார்.

எங்களுக்கு நாலு இடம் வையுங்கள், கொக்கையும் கூப்பிடப் போகிறேன். நாலாவது யாருக்கு என்று அப்பா கேட்கவில்லை.

உங்கள் அண்ணன் மகள்